அவரவர் தட்டு

"நானே செஞ்சு நானே சாப்பிட்டேம்மா." இப்ப போன்ல சொன்னீங்கள்ல, அது காதுல விழுந்துச்சு. ஒட்டுக் கேக்கலை. பஸ்ஸு முழுக்க வேற பாஷை ஓடிக்கிட்டிருக்கிறப்ப நம்ம தமிழ் வந்து விழுந்தா திரும்பிப் பாக்காம இருக்க முடியுமா? லிமாவுல, ஏர்போர்ட் பஸ்ஸுல, பக்கத்து சீட்டுல ஒரு தமிழ்ப் பொண்ணு! சந்தோசம், ரொம்ப சந்தோசம். இருங்க, எந்திரிக்க வேண்டாம். அது என் வீட்டுக்காரி சீட்டு, அவ்வளவுதான். அவ வந்ததும் மாறிக்கலாம். இப்ப வந்துருவா.

என் மக வயசுதான் இருக்கும் உனக்கு. நீன்னே சொல்றேன், தப்பா நினைக்காதே. என்ன படிக்கிறே? ஆராய்ச்சியா? எதைப் பத்தி? சரி சரி, அப்புறம் சொல்லு.

நான் ஞானசேகரன். மதுரை. நெடுஞ்சாலைத் துறையில உதவிக் கோட்டப் பொறியாளரா இருந்து ஓய்வு பெற்றவன். மதுரைப் பக்கம் நீ பஸ்ஸுல போயிருந்தா நான் போட்ட ரோட்டுலதான் போயிருப்பே. போட்டேன்னா நானா தார் ஊத்தினேன்? மேற்பார்வை. நாற்காலி போட ஒரு ஆளு, குடை பிடிக்க ஒரு ஆளு. ஒருத்தன் நின்னு பாத்தாத்தாம்மா வேலை நடக்கும். இதை இந்த ஊர்ல ஒருத்தருக்கும் புரியவைக்க முடியலை.

டிரைவர் திரும்பித் திரும்பிப் பாக்கிறாரா? பாக்கட்டும். பஸ்ஸை நான்தான் நிறுத்தி வச்சிருக்கேன். "மனைவி வர்றாங்க, வயசானவங்க, கால்வலி"ன்னு இங்கிலீஷ்ல சொல்லி, முழங்காலைத் தட்டிக் காமிச்சேன். நல்ல மனுஷன், தலையாட்டிட்டார். கால்வலியெல்லாம் ஒண்ணும் கிடையாது அவளுக்கு. நல்லா இருக்கா. ரொம்ப நல்லா இருக்கா, அதுதான் இப்பப் பிரச்சினையே. உன் ஃபிளைட்டு எப்ப? அதெல்லாம் போயிரலாம். மதுரையில இருந்து திருமங்கலம் போற தூரந்தான்.

நீயே செஞ்சு சாப்பிட்டேன்னியே, என்ன செஞ்சே? தயிர்சாதமா? பாரு, அதுபோதும் மனுஷனுக்கு. எனக்குக் காலையில இருந்து வயித்துல ஒண்ணும் இல்லை. மக ரொட்டியை எடுத்து வச்சா. ரொட்டி காய்ச்சல்காரன் சாப்பாடு. என் வீட்டுக்காரி எந்திரிச்சு ரெண்டு தோசை ஊத்தியிருக்கலாம். மாவு இல்லையாம். கல்யாணமாகி முப்பது வருஷத்துல "மாவு இல்லை"ங்கிற வார்த்தையை இன்னைக்குத்தான் கேக்கிறேன்.

எல்லாம் அந்தச் சமையல் வகுப்புல ஆரம்பிச்சது.

மக அபிநயா இங்க ஒரு கம்ப்யூட்டர் கம்பெனியில இருக்கா. அதோ, அந்தத் தெருவுக்குள்ளதான் வீடு. "ஒரு மாசம் வந்து தங்குங்கப்பா"ன்னு டிக்கெட் போட்டா. பெரு எங்க இருக்குன்னு மேப்புல தேடினேன், உலகத்தோட அந்தக் கோடியில இருக்கு. வந்தோம். மலை பாத்தோம், கடல் பாத்தோம். நான் எல்லா இடத்துலயும் ரோட்டைக் கவனிச்சேன். சுமாரான வேலை. கடைசி வாரம் வந்து, "பெரு நாட்டுச் சமையல் வகுப்பு, உங்க ரெண்டு பேருக்கும் இடம் போட்டுட்டேன்"ன்னா. நான் என்ன நினைச்சேன்? யாராச்சும் சமைச்சுக் காட்டுவாங்க, உக்காந்து பாத்துட்டு, சாப்பிட்டுட்டு வரலாம்னு நினைச்சேன். டிவியில அப்படித்தானே வருது? வீட்டுலயும் அப்படித்தானே?

முதல்ல சந்தைக்குக் கூட்டிட்டுப் போனாங்க. உருளைக்கிழங்குலயே ஊதா, மஞ்சள், கறுப்புன்னு குவிச்சு வச்சிருக்கான். மஞ்சள் மிளகா ஒண்ணு, பாத்தா சாது, உள்ள நெருப்பு. என் வீட்டுக்காரி அதுல ஒண்ணை எடுத்து, ஒடிச்சு, மோந்து பாக்கிறா. கடைக்காரம்மாகிட்ட "இது ரொம்பக் காரமாக்கா?"ன்னு தமிழ்ல கேக்கிறா! அந்தம்மா அவங்க பாஷையில என்னமோ சொல்லுது. இவ "ஓகோ"ங்கிறா. ரெண்டும் சேந்து சிரிக்குதுக. நான் ரெண்டு தடவை "போலாமா"ன்னேன், காதுலயே வாங்கலை. சந்தையில சிரிக்க என்ன இருக்கு? வீட்டுல அவ அப்படிச் சிரிச்சு நான் பாத்ததில்லைம்மா. சிரிக்கிற ஆளே இல்லை அவ. அமைதியான சுபாவம்.

அப்புறம் சமையல்கூடம். டீச்சர் பேரு ரொசால்வா. நம்ம ஊரு சத்துணவு டீச்சர் மாதிரி உடம்பு, குரலும் அதே மாதிரி. இங்கிலீஷ் பேசினாங்க. எல்லாருக்கும் ஏப்ரன் குடுத்து, நெஞ்சுல பேரு எழுதி ஒட்டச் சொன்னாங்க. நான் "இன்ஜினியர் ஞானசேகரன், பி.இ."ன்னு இங்கிலீஷ்ல எழுத ஆரம்பிச்சேன். காகிதம் பத்தலை. இன்ஜினியர்னு முடிச்சு பாதிப் பேரோட நின்னுருச்சு. அவ சுகந்தின்னு எழுதி ஒட்டிக்கிட்டா. அதைப் பாத்துப் பாத்து வகுப்புக்கு வந்தவங்க எல்லாம் "சுகாந்தி, சுகாந்தி"ன்னு கூப்பிடுறாங்க. கனடாவுல இருந்து வந்த தாடிக்காரன் ஒருத்தன், சின்னப் பய, அவனும் "சுகாந்தி"ங்கிறான். யாரைச் சொல்றாங்கன்னு எனக்கே கொஞ்ச நேரம் பிடிபடலை. நான் அவளைப் பேரு சொல்லிக் கூப்பிட்டதே இல்லைம்மா. அது ஒரு மரியாதை. "ஏய்"னா வந்துருவா.

டீச்சர் சட்டம் பேசினாங்க. ஆளுக்கு ஒரு மேடை, ஆளுக்கு ஒரு கத்தி, ஆளுக்கு ஒரு தட்டு. யாரு என்ன செய்றாங்களோ அதைத்தான் அவங்க சாப்பிடணும். எல்லாரும் ஒரே நேரத்துல உக்காரணும். பரிமாற ஆள் கிடையாது.

நான் கையைத் தூக்கினேன். "மேடம், நாங்க ஒரே குடும்பம். எங்களுக்கு ஒரு மேடை போதும். அவங்க செய்வாங்க, நான் மேற்பார்வை பாப்பேன்."

எல்லாரும் சிரிச்சாங்க. நல்ல ஜோக்குன்னு நினைச்சுட்டாங்க. நான் ஜோக் அடிக்கலைம்மா. அந்தம்மா வந்து என் முதுகுப் பக்கம் நின்னு, ஏப்ரன் நாடாவை இழுத்து முடிச்சுப் போட்டுச்சு, தொழுவத்துல மாட்டைக் கட்டுற மாதிரி. "இந்த அடுப்படியில மேற்பார்வையாளர் வேலை காலி இல்லை, இன்ஜினியர்"னுச்சு. அதுக்கும் சிரிப்பு. இவளும் சிரிச்சா. அதை நான் குறிச்சு வச்சுக்கிட்டேன்.

செய்யச் சொன்னது செவிச்சேன்னு ஒண்ணு. பச்சை மீனைத் துண்டு போட்டு, எலுமிச்சம்பழத்தைப் பிழிஞ்சு, உப்பு, வெங்காயம், மிளகா போட்டுக் கலக்கணும். அடுப்பே கிடையாது. மீன் அந்தப் புளிப்புலயே வெந்துருமாம். அடுப்பில்லாத சமையல், இதுல என்ன கஷ்டம், நமக்கு நல்லதாப் போச்சுன்னு நினைச்சேன்.

வெங்காயத்தை முடி மாதிரி அரியணும்னுச்சு. "இன்ஜினியர் அளவெடுத்து அரிவாரு, பாருங்க"ன்னு எல்லாரும் கேக்கச் சொல்லுச்சு. கண்ணு எரிஞ்சா எப்படி அளவெடுக்கிறது? கத்தி விரல்ல ஏறிருச்சு. இதோ, இந்த விரல். இப்ப காயம் தெரியலை, அன்னைக்கு நல்லாத் தெரிஞ்சுச்சு. அதுமேல எலுமிச்சைச் சாறு பட்டுச்சு பாரு! கத்திட்டேன். "ஏய்"னேன். அவ நிமிந்து பாத்தா. வீட்டுல எனக்கு ஒரு முள்ளு குத்துனா மஞ்சத்தூள் டப்பாவைத் தூக்கிக்கிட்டு ஓடி வர்றவ. அங்க நின்ன இடத்துல இருந்தே, "பைப்புல காட்டுங்க"ன்னுட்டுக் குனிஞ்சுட்டா. மீனைப் பாக்கிறா. நான் புருஷன், அது மீனு. நீயே யோசிச்சுப் பாரு.

அப்புறம் உப்பு. எவ்வளவுன்னு கேட்டேன். "ருசிக்கு ஏத்தபடி"ன்னாங்க. எஸ்டிமேட் இல்லாம வேலை ஆரம்பிச்சா இப்படித்தான். ஆனா உப்புன்னா எனக்குத் தெரியாததா? எங்க வீட்டு உப்பை முப்பது வருஷமா நிர்ணயம் பண்றதே நான்தான். முதல் வாய் வைப்பேன். சரியா இருந்தா பேசவே மாட்டேன். சரியில்லைன்னா "உப்பு"ம்பேன். அந்த ஒரு வார்த்தைதான். எங்க அப்பா எல்லாம் தட்டை விட்டெறிவார், முற்றத்துல போய் விழும். நான் அந்த மாதிரி ஆளே இல்லை. தட்டைக் கொஞ்சம் தள்ளி வைப்பேன், அவ்வளவுதான். அவளுக்குப் புரிஞ்சிரும். நல்லா இருக்குன்னு சொல்றதில்லை, சொன்னா கவனம் குறைஞ்சிரும். அப்பேர்ப்பட்ட நாக்கு எனக்கு. அப்புறம் எப்படி அன்னைக்குத் தப்பாச்சுன்னா, இந்த ஊரு உப்பு அப்படி.

என்ன, பின்னாடி யாரோ முணுமுணுக்கிறாங்களா? நீ கண்டுக்காதே. நம்ம ஊர்ல ஒரு வி.ஐ.பி.க்காக எத்தனை பஸ்ஸு நிக்குது, யாராச்சும் முணுமுணுக்கிறானா? நீ ஏம்மா சும்மா சும்மா மணியைப் பாக்கிறே? ஏறி உக்காந்ததுமே போன் போட்டேன், மக எடுத்துட்டா. "பஸ்ஸை நிறுத்தி வச்சிருக்கேன், அம்மாவை அனுப்பு, அவ வராம பஸ்ஸு நகராது"ன்னு சொல்லிட்டேன். நடந்து வந்தாலும் இந்நேரம் வந்திருக்கணும்.

எங்க விட்டேன்? சாப்பாடு. நீளமா ஒரு மேசை. எல்லாரும் உக்காந்தாங்க, நானும் உக்காந்தேன். தட்டு வரலை. பாத்துக்கிட்டே இருக்கேன், வரலை. அப்புறந்தான் உறைச்சுச்சு, நான்தான் போய் எடுத்துட்டு வரணும். போய் எடுத்துட்டு வந்து ஒரு வாய் வச்சேன். கடல்தண்ணி. வெங்காயம் ஒவ்வொண்ணும் ரயில் தண்டவாளத்துக் கட்டை மாதிரி. மீனு வெளிய வெந்து உள்ள பச்சை.

அவ எனக்கு எதிர்ல இருந்தா. அவ தட்டைப் பாத்தேன். வெள்ளை வெளேர்னு மீனு, மேல ஊதா வெங்காயம், மஞ்சள் மிளகா பொடிசா, ஓரத்துல சர்க்கரைவள்ளிக் கிழங்கு ஒரு துண்டு. பாக்கும்போதே வாய் ஊறுது.

இனிமேதான் விஷயம். இதுல என் தப்பு என்னன்னு நீயே சொல்லு. வீட்டுல ஒரு தோசை கருகிப்போச்சுன்னா அது யாருக்கு? அவளுக்கு. அவளுக்குக் கருகின தோசைதான் பிடிக்கும். மீன் குழம்புல நடுத்துண்டு எனக்கு, வால் அவளுக்கு. நான் ஒரு நாளும் அப்படிச் செய்யின்னு சொன்னதில்லை. அவளாவே எடுத்துக்குவா. அந்தப் பழக்கத்துல கை தானாப் போயிருச்சு. என் தட்டை அவ பக்கம் தள்ளினேன். அவ தட்டை என் பக்கம் இழுத்தேன். அவ்வளவுதாம்மா நடந்தது. சத்தங்கூட வரலை.

தாடிக்காரன் முள்கரண்டியை வாய்க்குக் கிட்ட வச்சுக்கிட்டு அப்படியே இருக்கான். டீச்சரம்மா கையைக் கட்டிக்கிட்டு நிக்குது. இதுல வேடிக்கை என்னன்னா, ஒருத்தரும் என்னைப் பாக்கலை. எல்லாரும் அவளைப் பாக்கிறாங்க.

அவளும் என்னைப் பாக்கலை. சுத்தி இருந்த முகத்தை எல்லாம் ஒவ்வொண்ணாப் பாத்தா. இவங்க எல்லாம் எதைப் பாத்து இப்படி ஆனாங்கன்னு தேடுற மாதிரி. அப்புறம் கையை நீட்டி, தட்டோட விளிம்பைப் பிடிச்சு, அவ பக்கம் இழுத்துக்கிட்டா. மெதுவா. ஒரு சொட்டு சிந்தலை.

"இது நான் செஞ்சது"ன்னா.

தமிழ்லதான் சொன்னா. அங்க யாருக்குத் தமிழ் தெரியும்? ஆனா தாடிக்காரன் கையைத் தட்டிட்டான். அவனுக்கு என்ன புரிஞ்சுச்சோ.

நான் ஒரு பார்வை பாத்தேன். அந்தப் பார்வைக்கு எங்க ஆபீஸ்ல காண்ட்ராக்டர் எல்லாம் எந்திரிச்சு நிப்பான். இவ சாப்பிட்டுக்கிட்டு இருந்தா. நிதானமா, சாஞ்சு உக்காந்து, ஒவ்வொரு துண்டா. அவ உக்காந்து சாப்பிட்டு நான் பாத்ததே இல்லைன்னு அப்பத்தான் தோணுச்சு. நான் சாப்பிட்டு எந்திரிச்சு நியூஸ் பாக்கப் போயிருவேன், அவ அப்புறமா எப்பவோ சாப்பிடுவா. எப்ப, என்னன்னு கேட்டுக்கிட்டதில்லை. அதெல்லாம் அவ சுதந்திரம், நான் தலையிடறதில்லை.

பாதியில எந்திரிச்சு அவ மேடைக்குப் போனா. சரி, புத்தி வந்துருச்சு, எனக்கு எடுக்கத்தான் போறான்னு நினைச்சு, என் தட்டுல இருந்ததை ஒரு ஓரமா ஒதுக்கி இடம் பண்ணி வச்சேன். கிண்ணத்துல மிச்சம் இருந்ததை வழிச்சு அவ தட்டுலயே போட்டுக்கிட்டு வந்து உக்காந்துட்டா. நான் அன்னைக்கு ரொட்டித் துண்டுதான் சாப்பிட்டேன். பெத்த மககிட்டச் சொன்னா, "உங்க கையால செஞ்சதை நீங்களே சாப்பிட முடியலையாப்பா?"ன்னு கேக்கிறா.

அதோட முடிஞ்சிருந்தா நான் பெருசு பண்ணியிருக்க மாட்டேன். அந்தச் சமையல் பள்ளிக்கூடத்துல பத்து நாள் வகுப்பு ஒண்ணு இருக்காம். தினம் போகணுமாம். அவ மககிட்டக் கேட்டிருக்கா, மக சேத்துவிட்டுட்டா, டிக்கெட்டையும் தள்ளிப்போட்டுட்டா. எனக்கு எப்பத் தெரியும்? நேத்து, பெட்டி கட்டுறப்ப. என் பெட்டியில என் துணி மட்டும் இருக்கு.

"நீங்க முன்னாடி போங்க, நான் வகுப்பு முடிஞ்சு வர்றேன்"ங்கிறா. முன்னாடி போங்கன்னா? நான் எப்பவும் முன்னாடி போறவன்தான். பின்னாடி நீ வரணும்ல?

"சமையல்ல உனக்குத் தெரியாதது என்ன இருக்கு, படிக்கப் போறே?"ன்னேன். பாராட்டாத்தான் சொன்னேன், நீயே கவனி.

"தெரியும். எனக்குச் சமைச்சதில்லை"ன்னா.

இதுக்கு என்ன அர்த்தம்? வீட்டுல வெந்ததுல அவளும்தானே சாப்பிட்டா? நல்லாப் பேசக் கத்துக்கிட்டா. பத்து நாள் நான் என்னத்தைத் தின்றதுன்னு கேட்டேன். அபி சொல்றா, "அதான் செவிச்சே செய்யத் தெரியுமேப்பா." நக்கல்.

நானும் இங்கயே இருந்துரலாம்தான். ஆனா ஊர்ல குடியிருப்போர் நலச் சங்கத் தேர்தல் வருது. நான் தலைவர். நான் இல்லைன்னு தெரிஞ்சா எதிர்வீட்டு மாணிக்கவாசகம் நின்னுருவான். போன தடவை நான் ஒருமனதா ஜெயிச்சேன். கூட்டத்துக்கு வந்தவங்களுக்கெல்லாம் இவ வடையும் காப்பியும் குடுத்துக்கிட்டே இருந்தா. அது சும்மா உபசாரம். ஓட்டு என் நிர்வாகத்துக்கு விழுந்தது. ஆனாலும் வடை இல்லாம கூட்டம் கூட்டினா ஒரு லட்சணம் வேண்டாமா? இதை எல்லாம் அவகிட்ட விளக்கமாச் சொன்னேன். கேட்டுக்கிட்டே காப்பியைக் குடிச்சா. ஒரே ஒரு டம்ளர்தான் போட்டிருந்தா.

அதனாலதான் இன்னைக்கு ஒண்ணுமே பேசலை. பெட்டியைத் தூக்கிக்கிட்டு நேரா வந்து பஸ்ஸுல உக்காந்துட்டேன். பேசினாத்தான் எதிர்த்துப் பேசத் தோணும். பஸ்ஸு நிக்குது, ஜனம் காத்துக்கிட்டு இருக்குதுன்னு தெரிஞ்சா அவ ஓடி வந்துருவா. நாலு பேரைக் காக்க வைக்க அவளுக்கு மனசு வராது. முப்பது வருஷம் பாத்திருக்கேன், எனக்குத் தெரியாதா அவளை?

அந்தா! சொன்னேன்ல? அங்க பாரு, பச்சை சுடிதாரு. ஓட்டமும் நடையுமா வர்றா பாரு. மகளும் பின்னாடியே வர்றா. எந்திரிம்மா, எந்திரி, உன் பையை எடுத்துக்க. பின்னாடி ஒரு சீட்டு காலியா இருக்கு. நல்ல பொண்ணு.

கையில பெட்டி இல்லையே. மக தூக்கிட்டு வருவா. மகளும் கையை வீசிக்கிட்டுத்தான் வர்றா. பெட்டி கிடக்குது, ஆளு வந்தாப் போதும். பாஸ்போர்ட் இருந்தாச் சரி.

ஏறிட்டா. ஏய், இங்க! இங்க இருக்கேன்! ஜன்னல் சீட்டுக்கூட உனக்குத்தான்.

டிரைவர்கிட்ட என்ன பேச்சு? அவர் அவ முழங்காலைப் பாக்கிறார். இவ இல்லை இல்லைன்னு தலையாட்டுறா. பஸ்ஸுல இருக்கிற எல்லாரையும் பாத்து ஒரு கும்பிடு போடுறா. எதுக்கு? ஏய், வா!

டிரைவர் தோளைத் தட்டிட்டா. ரோட்டைக் காமிச்சு என்னமோ சொன்னா, அவங்க பாஷையில. அவர் சாவியைத் திருகிட்டார். படியில இறங்கினா. வெளிய நின்னு, ரெண்டு கையாலயும் தள்ளி, கதவைச் சாத்திட்டா.